குணசித்திர நடிகர் தக்காஷி ஷிமுரா

1954ஆம் ஆண்டு ஏப்பிரில் மாதம் 26ஆந் திகதி யப்பானியப் படமாளிகைகளில் 'ஏழு சாமுராய்கள்' என்னும் திரைப்படம் காட்டப்படலாயிற்று. கள்வர் கூட்டத்தினின்று ஓர் ஏழைக் கிராமத்தைக் காக்க முன்வரும் முதிய போர்வீரர் ஒருவர் அப்படத்தின் நடுநாயகமாக விளங்கினார். அதே ஆண்டு நவம்பர் 3ஆந் திகதி அதே நிறுவனத்திலிருந்து மற்றொரு படம் வெளிவந்தது. கடலினின்றெழுந்து டோக்கியோ நகரைத் தவிடுபொடியாக்கும் 'கொட்சில்லா' என்னும் இராட்சத விலங்கின் கதை அது. விலங்கைக் கொல்வதே வழி என்று யாவருங் கூறுகையில், அதனை ஆராயவேண்டும் என்று தனித்து நின்று மனம் வருந்தும் வயோதிப விஞ்ஞானி ஒருவர் அதில் வருகிறார். போர்வீரரும் விஞ்ஞானியும் ஒருவரே. அவர் பெயர் தக்காஷி ஷிமுரா.

முதற் படம் உலகத் திரைப்படக் கலையின் சிகரங்களுள் ஒன்றென இன்றும் மதிக்கப்படுவது. இரண்டாவது, இரப்பர் உடை தரித்த மனிதன் அட்டை வீடுகளை மிதித்துத் துவைக்கும் படம் என்று சிலர் எள்ளி நகையாடுவது. ஆயினும், இரண்டிலும் ஷிமுரா காட்டும் சிரத்தையில் இம்மியளவும் வேறுபாடில்லை. இவ்வேடம் பெரிது, இது சிறிது என்று தரம் பிரியாத அந்த மனப்பாங்கைப் புரிந்துகொண்டாலன்றி, ஏறக்குறைய நாற்பத்தேழு ஆண்டுக் காலம் நீடித்த அவருடைய கலைவாழ்வைப் புரிந்துகொள்வதற்கில்லை.

குணசித்திர நடிகர் என்னும் பெயர் நேயர்களுக்குப் புதியதன்று. கதாநாயகனின் தந்தையாக, வைத்தியராக, நீதிபதியாக, வீட்டு வேலையாளாக வருபவர் அவர். சுவரொட்டியில் அவருடைய முகம் பெரிதாக இராது. படம் முடிந்து வீடு திரும்புவோர் 'அந்தக் கிழவர் நன்றாக நடித்தார்' என்பர்; பெயரை நினைவுகூரமாட்டார். ஷிமுரா இருநூறுக்கு மேற்பட்ட படங்களில் நடித்தவர். அவற்றுள் பெரும்பாலானவற்றில் அவருக்குக் கிடைத்த இடம் இதுவே.

ஷிமுரா 1905ஆம் ஆண்டு மார்ச்சு மாதம் 12ஆந் திகதி ஹியோகோ மாகாணத்தில் இக்குனோ என்னும் ஊரிற் பிறந்தார். ஷிமசாக்கி ஷோஜி என்பது பெற்றோர் இட்ட பெயர். இக்குனோ, வெள்ளிச் சுரங்கத்தாற் பெயர்பெற்ற ஊர். அவருடைய தகப்பனார் சுரங்கப் பொறியியலாளர். குடும்பமோ சாமுராய் மரபினது. 1868இல் யப்பானின் பழைய ஆட்சி வீழ்ந்த காலத்து நடைபெற்ற தோபா-புஷிமிப் போரில் அவருடைய பாட்டனார் பங்குபற்றியவர். வாளேந்தி நின்ற பாட்டனாருக்கும், வாள் பயனற்றுப்போன காலத்திற் பிறந்த பேரனுக்கும் இடையே ஒரு தலைமுறையே கழிந்திருந்தது. பிற்காலத்தில் நிலமிழந்த போர்வீரராக அவர் திரையில் நின்றபோது, அந்த நிமிர்வு வெறும் ஒப்பனையாகத் தோன்றாமைக்கு இதுவும் ஒரு காரணமாகலாம்.

1923இல் அவர் ஒசாக்காவிலுள்ள கன்சாய் பல்கலைக்கழகத்திற் சேர்ந்து ஆங்கில இலக்கியம் பயிலத் தொடங்கினார். தகப்பனார் இளைப்பாறிய பின்னர் குடும்பத்தில் பணமுடை ஏற்படவே, பகல் வகுப்பை விட்டு இரவு வகுப்பிற்கு மாறி, பகலில் ஒசாக்கா நகரத்து நீர் விநியோகப் பகுதியில் வேலைபார்த்தார். அவருக்குக் கற்பித்தவர்களுள் நாடகாசிரியர் ஒருவரும் சேக்ஸ்பியர் நாடகங்களிற் புலமைமிக்க ஒருவரும் இருந்தனர். நாடகப் பித்துத் தலைக்கேறியது. 1928இல் நண்பர்களுடன் ஒரு நாடகக் குழுவை ஆரம்பித்தார். ஒத்திகை, ஒத்திகை என்று கந்தோருக்கு வராதிருந்த இளைஞரை நகரசபை எத்தனை நாள் பொறுத்திருக்கும்? வேலை போயிற்று. படிப்பும் நின்றது. குழுவோ கடனில் மூழ்கியது.

அக்காலத்தில் அவருக்குக் கைகொடுத்த தொழில்களுள் ஒன்று, வானொலி நேயர்கள் அறிந்து மகிழத்தக்கது. ஒசாக்கா வானொலி நாடகங்களில் அவர் குரல் கொடுத்துவந்தார். முகத்தையும் கையையும் காட்ட வழியில்லாத இடத்தில், மூச்சின் ஏற்ற இறக்கத்தாலும் சொல்லுக்குச் சொல் விடும் இடைவெளியாலும் ஒரு மனிதனை முழுமையாகக் காட்டவேண்டிய பயிற்சி அது. அப்பயிற்சி வீண்போகவில்லை என்பதை அவருடைய மிகச் சிறந்த படம் காட்டும்.

பின்னர் தொழில்முறை நாடகக் குழுவொன்றிற் சேர்ந்து ஊரூராகச் சுற்றினார். பேசும்படம் பரவிவந்த காலம் அது. மேடையிற் பேசிப் பழகிய நடிகர்களைத் திரைப்பட நிறுவனங்கள் தேடின. ஷிமுரா கியோத்தோ நகரத்துக் கலையகம் ஒன்றிற் சேர்ந்தார். 1934இல் அவருடைய முதற் படம் வெளிவந்தது. விந்தை யாதெனில், பேச்சுக்காகச் சேர்க்கப்பட்டவர் முதன்முதல் தோன்றியது ஒரு மௌனப் படத்திலேயாம். 1936இல் மிசோகுச்சி கென்ஜி நெறிப்படுத்திய 'ஒசாக்காவின் சோககீதம்' என்ற படத்தில் ஒரு துப்பறிவாளராக வந்தார். 1937 முதல் நிக்கத்சு நிறுவனத்தின் கியோத்தோக் கலையகத்தில், ஐந்தாண்டுகளுக்குள் நூறு படங்கள் வரையில் நடித்தார் என்றால், அக்காலத்துப் படங்கள் எத்துணை வேகமாகத் தயாரிக்கப்பட்டன என்பதை நேயர்களே கணக்கிட்டுக்கொள்ளலாம். பெரும்பாலும் வாள்வீச்சுப் படங்கள். பெரும்பாலும் காவலர் வேடங்கள்.

அவற்றுள் ஒன்று மட்டும் தனியே குறிப்பிடத்தக்கது. 1939இல் மக்கினோ மசஹிரோ நெறியாள்கை செய்த 'ஒஷிதோரிகளின் இசைப்போட்டி' என்னும் பாட்டுப்படம் அது. ஒஷிதோரி என்பது இணைபிரியாத் தம்பதியரின் சின்னமாக யப்பானியர் போற்றும் வாத்தினம். அன்றிலின் இடம் அதற்கு. அப்படத்தில் ஷிமுரா, குடை செய்து பிழைக்கும் ஓர் ஏழைச் சாமுராயாகவும், பழம்பொருட்கள்மீது தீராத மோகங் கொண்ட தகப்பனாராகவும் வந்து, கணீரென்ற குரலிற் பாடினார். அக்குரலைக் கேட்ட இசைத்தட்டு நிறுவனம் ஒன்று ஒப்பந்தஞ் செய்ய முன்வந்ததாம். ஷிமுராவைச் சோக முகமாகவே அறிந்தவர்கள் இப்படத்தைக் கண்டால் தங்கள் கண்களையே நம்பமாட்டார்கள்.

இக்காலத்தில் யப்பானிய அரசு போர்வெறியின் வழியே வெகுதூரம் சென்றிருந்தது. மக்கள் என்ன நினைக்கின்றனர் என்பதையே குற்றமாகக் கருதி வேட்டையாடிய விசேட பொலிஸ் பகுதி ஒன்று இருந்தது. 'தொக்கோ' என்ற அதன் பெயரைக் கேட்டாலே மக்கள் நடுங்கினர். இளமையில் இடதுசாரி நாடகக் குழுக்களுடன் தொடர்பு வைத்திருந்தார் என்பதற்காக ஷிமுரா பிடிக்கப்பட்டு மூன்று வாரம் வரை அடைத்துவைக்கப்பட்டார். மனைவி மசாக்கோவும், சக நடிகரான த்சுக்கிகத்தா ரியுனோசுக்கேயும் பொறுப்பேற்ற பின்னரே வெளியே வந்தார். போர் முடிந்த மறு ஆண்டு, 1946இல், குரோசாவா அக்கிராவின் 'எம் இளமைக்கு வருத்தமில்லை' என்னும் படத்தில் அவருக்குக் கிடைத்த வேடம் எது? அதே விசேட பொலிஸ் அதிகாரியின் வேடம்! தம்மை அடைத்துவைத்தவர்களை அருகிருந்து பார்த்த அநுபவத்தை அவர் இங்கே பயன்படுத்திக்கொண்டார் என்பர். அந்த அதிகாரி உரத்துக் கத்துவதில்லை. தன் அதிகாரத்தைச் சுவைத்துச் சுவைத்துப் பேசுகிறான். பழிதீர்ப்பதற்காகப் பூதாகாரமாகக் காட்டியிருந்தால் எவரும் குறைகூறியிரார். ஷிமுரா அவ்வாறு செய்யவில்லை. அதனாலேயே அவ்வேடம் பன்மடங்கு அச்சந் தருகிறது.

குரோசாவாவுடன் அவருக்கு ஏற்பட்ட தொடர்பு 1943இல் அந்நெறியாளரின் முதற் படமாகிய 'சன்ஷிரோ சுகதா'விலேயே தொடங்கியது. குரோசாவா எடுத்த முப்பது படங்களில் இருபத்தொன்றில் ஷிமுரா இருக்கிறார். குரோசாவா என்றதும் உலகத்தார் மிபுனே தோஷிரோ என்னும் புலி போன்ற நடிகரையே நினைப்பர். ஆனால் மிபுனே வந்தது பின்னர். 1947இல் 'வெண்பனிச் சிகரத்துக்கு அப்பால்' என்னும் படத்திற் பனிமலைக்கு ஓடி ஒளியும் வங்கிக் கொள்ளையருள் ஒருவராக மிபுனே முதன்முதல் திரையேறினார். உடன் ஓடும் மூத்த கொள்ளையர் ஷிமுரா. அதன்பின் ஷிமுரா தம்பதியர் அந்த இளைஞரைத் தங்கள் பிள்ளைபோல் அரவணைத்துக்கொண்டனர்.

மறு ஆண்டு வந்த 'குடிகாரத் தேவதூதன்' என்னும் படத்திற் சோதனை நேர்ந்தது. அழுக்குக் குட்டையொன்றின் கரையில் வாழும் ஏழைகளுக்கு வைத்தியம் பார்க்கும், கோபமும் குடியும் நிறைந்த வைத்தியர் சனதாவே அக்கதையின் நாயகர். அவரிடம் வரும் காசநோயாளியான இளம் போக்கிரி இரண்டாம் பாத்திரம். ஆனால் மிபுனே அந்த இரண்டாம் பாத்திரத்தில் வந்து படத்தையே தன்வசமாக்கிக்கொண்டார். ஷிமுராவின் நடிப்பிற் குறையில்லை, ஆயினும் மிபுனேயின் வேகத்தைக் கட்டுப்படுத்தத் தமக்கு மனம் வரவில்லை என்று குரோசாவாவே பின்னாளில் எழுதினார். நாற்பத்து மூன்று வயதில், பதினான்கு ஆண்டு காத்திருந்து பெற்ற நாயக வேடம் கண்முன்னே மற்றொருவர் கைக்குப் போவதைக் காண எந்த நடிகருக்குத்தான் பொறுக்கும்? ஷிமுரா என்ன நினைத்தாரோ, திரையிற் காண்பது ஒன்றே: இளைஞர் சீறும்போது அவர் இடங்கொடுக்கிறார், சீற்றம் அடங்கியதும் மருந்துப் புட்டியுடன் அங்கேயே நிற்கிறார். மிபுனேயின் வேகம் மோதுவதற்கு ஒரு பாறை வேண்டியிருந்தது. அந்தப் பாறை நகர்ந்திருந்தால் அலையின் வலிமை தெரிந்திராது.

1949இல் வந்த 'தெருநாய்' படத்தில் இவ்விணைப்பு மேலும் கனிந்தது. கொளுத்தும் கோடையிற் கைத்துப்பாக்கியைப் பறிகொடுத்துப் பதைக்கும் இளம் பொலிஸ்காரர் மிபுனே. அவருக்கு வழிகாட்டும் அநுபவசாலி சத்தோ, ஷிமுரா. இரவில் இளைஞரைத் தம் சிறிய வீட்டிற்கு அழைத்துச் சென்று, வரிசையாய்த் துயிலும் பிள்ளைகளைக் காட்டும் காட்சியில், ஒரு நேர்மையான உத்தியோகத்தரின் முழு வாழ்க்கையும் அடங்கிவிடுகிறது. 1950இல் வந்த 'அவதூறு' படத்திலோ நிலைமை தலைகீழாயிற்று. மிபுனே நாயகர், எதிர்க்கட்சியிடம் இலஞ்சம் வாங்கித் தன் கட்சிக்காரருக்கே துரோகம் செய்யும் வழக்கறிஞர் ஷிமுரா. காசநோயால் வாடும் மகளின் தூய்மைக்கு முன் கூனிக்குறுகும் அந்தக் கோழை மனிதர், படம் பாதி கடந்ததும் நாயகரை மறக்கச் செய்துவிடுகிறார். அதே ஆண்டில் வெளிவந்த 'ரஷோமொன்' படத்தின் விறகுவெட்டியும் அவரே. பிறர் யாவரும் பொய் கூறினர் என்று புலம்பும் அவர், தாமும் ஒரு களவை மறைத்தவர் என்பது வெளிப்படும்போது அந்த முகத்திற் படரும் வெட்கம் காணத்தக்கது.

1952இல் 'இக்கிரு' வந்தது. 'வாழ்தல்' என்பது அச்சொல்லின் பொருள். அதுவரை பிறருக்குத் தோள்கொடுத்து நின்றவரின் தோளில் இம்முறை படம் முழுவதும் ஏற்றப்பட்டது. வத்தனபே என்னும் நகரசபைப் பகுதித் தலைவர் முப்பது ஆண்டுக் காலமாகக் கடதாசிகளில் முத்திரை குத்திவந்தவர். மனைவியை இழந்தவர், மகனிருந்தும் தனியர். ஒருநாள் ஆஸ்பத்திரியிற் காத்திருக்கையில், பக்கத்திலிருந்த நோயாளி ஒருவர், வயிற்றிற் புற்றுநோய் கண்டவர்களிடம் வைத்தியர்கள் 'சாதாரணப் புண்தான்; விரும்பியதை உண்ணலாம்' என்று கூறுவது வழக்கம் என்கிறார். சற்று நேரத்தில் வைத்தியர் அச்சொற்களையே வத்தனபேயிடம் கூறுகிறார். இவ்விடத்தில் ஷிமுரா கதறவில்லை, நெஞ்சைப் பிடித்துச் சாயவுமில்லை. கையிலிருந்த மேற்சட்டை நழுவி விழுகிறது. கண்கள் மட்டும் அகலத் திறந்து அப்படியே நின்றுவிடுகின்றன.

அப்போது ஷிமுராவுக்கு வயது நாற்பத்தேழே. இளைப்பாறும் வயதை நெருங்கிய, சாவு தொட்ட மனிதரைக் காட்ட அவர் கொண்ட கருவிகளுள் தலையாயது குரல். தொண்டைக்குள்ளேயே தேய்ந்து, வாய்க்கு வருமுன் பாதி அழிந்துபோகும் ஒரு குரலை அவர் வத்தனபேக்குக் கொடுத்தார். முப்பது ஆண்டு எதையும் துணிந்து சொல்லாத மனிதனின் குரல் அது. இரவுக் களியாட்ட விடுதியொன்றில், 1915ஆம் ஆண்டின் பழைய பாடல் ஒன்றைப் பியானோக்காரர் வாசிக்க, வத்தனபே உதடு பிரியாமற் பாடத் தொடங்குகிறார். ஆடிக்கொண்டிருந்தவர்கள் ஒவ்வொருவராக நின்றுவிடுகின்றனர். இசைத்தட்டு நிறுவனம் விரும்பிய கணீரென்ற குரலுக்குச் சொந்தக்காரர், அக்குரலை முற்றாக மறைத்துப் பாடுகிறார் என்பதை அறிந்து கேட்போருக்கு அக்காட்சி மேலும் உருக்கமாகும்.

எஞ்சிய சில மாதங்களில் வத்தனபே செய்வது ஒன்றே. கழிவுநீர் தேங்கிய நிலமொன்றைப் பிள்ளைகளுக்கான பூங்காவாக்கித் தருமாறு ஏழைப் பெண்கள் கந்தோர் கந்தோராக அலைந்து கொடுத்த விண்ணப்பத்தை, அவர் தாமே தூக்கிக்கொண்டு அதே கந்தோர்களுக்கு அலைகிறார். திட்டுவோரைத் திட்டுவதில்லை, தள்ளிவிட்டால் மீண்டும் வந்து நின்று குனிகிறார். கதை மூன்றிலிரண்டு பங்கு செல்லுமுன்னரே அவர் இறந்துவிடுகிறார் என்பது குரோசாவாவின் துணிவு. எஞ்சிய பகுதி முழுவதும் இழவு வீட்டில், மதுவருந்திய உத்தியோகத்தர்கள் அவரைப்பற்றி வாதாடுவதாகவே செல்கிறது. உதவி நகரபிதா பூங்காவின் புகழைத் தமதாக்கிக்கொள்கிறார். நடு இரவிற் பனி பொழியப் பூங்கா ஊஞ்சலில் அமர்ந்து அதே பாடலைப் பாடிக்கொண்டிருந்தவரைக் கண்ட பொலிஸ்காரர், குடிகாரர் என எண்ணி விட்டுச் சென்றதாக வருந்திக் கூறுகிறார். அந்த ஊஞ்சற் காட்சியில் முகத்திலுள்ளது துயரமன்று, நிறைவு. 2022இல் இக்கதையை இங்கிலாந்துக்கு மாற்றி மீண்டும் படமாக்கினர், கண்ணியமான படமே. எனினும் ஷிமுராவின் ஊஞ்சலைக் கண்டவர்களுக்கு மற்ற ஊஞ்சல்கள் ஆடுவதில்லை.

இனி 'ஏழு சாமுராய்கள்'. போர்வீரர் கம்பே முதன்முதல் தோன்றும் காட்சியில், ஆற்றங்கரையில் அமர்ந்து தம் குடுமியைக் களைந்து தலையை மழித்துக்கொள்கிறார். குழந்தையைப் பிடித்துவைத்திருக்கும் திருடனைத் துறவி வேடத்தில் அணுகுவதற்காகவே இது. குடுமி சாமுராயின் மானம். சூழ நின்றோர் வாய்பிளக்கின்றனர். கம்பேக்கோ அது ஒரு பொருட்டன்று. அதன்பின் படம் முழுவதும், சிந்தனையிலோ சங்கடத்திலோ சிரிப்பிலோ, அவர் கை தானாகவே மழித்த தலையைத் தடவுகிறது. மூன்றரை மணி நேரப் படத்தில் இந்தச் சிறு பழக்கம் ஒன்றே அவரை நெடுநாட் பழகியவராக்கிவிடுகிறது. கிராமத்தார் தாங்கள் தினை உண்டு, போர்வீரருக்கு வெள்ளரிசிச் சோறு படைக்கின்றனர் என்பதை ஒரு கூலியாள் சுட்டிக்காட்டும்போது, முன்னர் மறுத்த கம்பே கிண்ணத்தை இரு கையாலும் வாங்கி, இச்சோற்றை வீணாக்கமாட்டேன் என்று ஒரே வார்த்தையில் முடிக்கிறார். வீரவசனத்திற்கு இடமிருந்த இடம் அது. வெற்றியின் பின், நான்கு தோழரின் புதைமேட்டைப் பார்த்து, வென்றவர்கள் விவசாயிகளே, நாமல்ல என்று கூறும்போதும் குரல் உயர்வதில்லை.

இவ்விரு படங்களுக்கும் பிறகு பிரித்தானியத் திரைப்பட அக்கடமியின் சிறந்த வெளிநாட்டு நடிகர் தெரிவில் அவர் பெயர் இருமுறை இடம்பெற்றது. வேறொருவராயின் இனி நாயக வேடமே ஏற்பேன் என்றிருப்பார். ஷிமுராவோ பழைய இடத்திற்கே திரும்பினார். 1955இல் 'உயிருள்ளவனின் பதிவேடு' படத்தில் அணுகுண்டுக்கு அஞ்சும் கிழவராக முப்பத்தைந்து வயது மிபுனே முதன்மை வேடம் தாங்க, ஐம்பது வயது ஷிமுரா பக்கத்திற் பல்வைத்தியராக அமர்ந்திருந்தார். 1960இல் 'தீயோரே நன்கு துயில்வர்' படத்தில் ஊழலில் ஊறிய உத்தியோகத்தர். வத்தனபேயை மறவாதோருக்கு அதிர்ச்சியூட்டிய வேடம். 1961இல் 'யொஜிம்போ'வில் இழிந்த மது வடிப்போர். 1963இல் 'சுவர்க்கமும் நரகமும்' படத்தில், புலனாய்வுக் கூட்டத்திற் சில வார்த்தை பேசும் மேலதிகாரி. இடையிடையே இராட்சத விலங்குப் படங்கள். நிறுவன ஒப்பந்தத்தில் இருந்த நடிகருக்குத் தெரிவு குறைவு என்பதும் உண்மையே. ஆனால் வேண்டாவெறுப்பாக நடிப்பதும் ஒரு தெரிவுதான். அதனை அவர் ஒருபோதும் தெரிந்தெடுக்கவில்லை.

முதுமையில் யமதா யோஜியின் 'ஆண்பிள்ளையின் பாடு' என்னும் தொடர்ப் படங்களில் மூன்று முறை வந்தார். 1969, 1971, 1978ஆம் ஆண்டுகளின் படங்கள் அவை. பண்டைய இந்தியத் தத்துவத்தை ஆராயும், பிள்ளைகளோடு பேசத் தெரியாத பேராசிரியர் அவர். 1971ஆம் ஆண்டுப் படத்தில், வீடு வாசலின்றி அலையும் தொராவுக்கு ஒரு மாலைப்பொழுதைப்பற்றிக் கூறுகிறார். தாம் தனியே பயணஞ் செய்கையில் ஒரு பண்ணை வீட்டு முற்றத்தில் ஜென்ஷியன் மலர்கள் பூத்திருந்ததையும், உள்ளே விளக்கொளியில் ஒரு குடும்பம் கூடியிருந்து உணவருந்தியதையும் மெல்லச் சொல்கிறார். காட்சியில் வேறெதுவுமில்லை; ஒரு கிழவரின் குரல் மட்டுமே. ஒசாக்கா வானொலியிற் கற்றது அது. 1978இல் 'ஓகின்' என்னும் படத்தில், தேநீர்ச் சடங்கின் பேராசான் சென் நோ ரிக்கியுவாக நடித்தார். அந்த ஆசானின் உயிரைப் பறித்த அதிபதி ஹிதெயோஷியாக எதிரே நின்றவர் மிபுனே.

குரோசாவாவுடன் இறுதியாகச் சேர்ந்தது 1980இல், 'கக்கெமுஷா'வில். தகுச்சி கியோபு என்னும் முதியவரின் சிறு வேடத்தைக் குரோசாவா அவருக்கென்றே எழுதினார். யப்பானிற் காட்டப்பட்ட படம் மூன்று மணி நேரம் ஓடியது. மேனாடுகளுக்கு அனுப்பியபோது ஏறக்குறைய இருபது நிமிடம் வெட்டப்பட்டது. வெட்டப்பட்டவற்றுள் ஷிமுராவின் காட்சியும் ஒன்று. அதனால், அவர் அப்படத்தில் இருந்ததே அந்நாட்டு இரசிகர் பலருக்குத் தெரியாமற் போயிற்று. நெடுநாள் நுரையீரல் நோயால் வருந்திய அவர், 1982ஆம் ஆண்டு பெப்ரவரி மாதம் 11ஆந் திகதி தமது எழுபத்தாறாம் வயதில் டோக்கியோவிற் காலமானார். பல ஆண்டுகளின் பின் 'கக்கெமுஷா'வின் முழுப் பிரதி மேனாடுகளிலும் வெளியிடப்பட்டது. அதில் அந்த முதியவர் தமக்குரிய இடத்தில் மீண்டும் வந்தமர்ந்திருக்கிறார்.